பாட்டைப் பிடித்த அறை

விழுப்புரத்தில் குடியிருந்துகொண்டு திண்டிவனத்தில் ஒரு கல்லூரியில் இயற்பியல் கற்பிப்பவன் நான். ஓராண்டு, கல்லூரி நாள் விழாவுக்காக எங்கள் மாணவர்கள் ஐவர் தாமே ஒரு பாட்டை எழுதி, மெட்டமைத்து, ஒலிப்பதிவும் செய்துவிட முனைந்தனர். ஒருவர் பாட, மற்றவர்கள் கிடார், கீபோர்டு, புல்லாங்குழல், பறை வாசிப்பது என்று ஏற்பாடு. மாலையில் வகுப்புகள் முடிந்தபின் விரிவுரை அறையின் கதவையும் சன்னல்களையும் சாத்திக்கொண்டு, மேசைமேல் கைபேசியை வைத்துப் பதிந்தார்கள். போட்டுக் கேட்டபோது எல்லோர் முகமும் வாடிவிட்டது. பறையின் ஒலி, மலைக்கு அப்பால் இடி இடிப்பதுபோல் உருண்டுகொண்டே இருந்தது. பாட்டில் ஒரு சொல்கூட விளங்கவில்லை.

"கைபேசி சரியில்லை சார். சென்னையில் ஸ்டுடியோவுக்குப் போனால்தான் நடக்கும். மணிக்கு இவ்வளவு என்று வாடகை கேட்கிறார்கள். எங்களால் ஆகாது" என்றார் ஒருவர். இன்னொருவர் விடவில்லை. "ரகுமான் சாரும் வீட்டுக்குப் பின்னால் ஓர் அறையைக் கட்டித்தானே ஆரம்பித்தார்? அந்த அறையில் அப்படி என்ன சார் இருந்தது?" என்று கேட்டார்.

நல்ல கேள்வி. எழும்பூரில் புறப்பட்டுத் திண்டிவனம், விழுப்புரம் வழியாகத் தெற்கே போகும் இருப்புப்பாதை கோடம்பாக்கத்தைக் கடந்துதான் வருகிறது. அந்தப் பாதைக்கு அருகே உள்ள கோடம்பாக்கத்தில் 1989-இல் தோன்றிய அறை அது. அந்த அறை எப்படி வந்தது, அதற்கு முன்பு பாட்டுகளை எங்கே பதிந்தார்கள், ஒலிப்பதிவு அறை என்று ஒன்று ஏன் வேண்டும் என்பவற்றை இக்கட்டுரையில் பார்ப்போம். மாணவரின் கேள்விக்கு உரிய விடை இறுதியில் தானே கிடைத்துவிடும்.

ஊதுகுழல் காலம்

இந்தியாவில் வணிகமுறையில் இசைத்தட்டு ஒலிப்பதிவு 1902-இல் கல்கத்தாவில் தொடங்கியது. கிராமபோன் கம்பெனியைச் சேர்ந்த பிரெட் கெய்ஸ்பர்க் என்பவர் கருவிகளைக் கப்பலில் கொண்டுவந்து, ஓர் ஓட்டலின் அறைகளையே ஒலிப்பதிவுக் கூடமாக மாற்றிக்கொண்டார். அங்கே பாடிய கெளஹர் ஜான் என்ற புகழ்பெற்ற பாடகி, ஒவ்வொரு பாட்டின் முடிவிலும் தம் பெயரை உரக்கச் சொன்னார். தட்டுகள் ஜெர்மனியில் அச்சாக வேண்டியிருந்தன. அங்குள்ளவர்களுக்குப் பாடியவர் யார் என்று தெரிய அதுவே வழி.

அன்று ஒலிவாங்கி கிடையாது. அகன்ற வாயுடைய பெரிய ஊதுகுழல் ஒன்றினுள் பாடகர் ஏறக்குறையத் தலையை விட்டுப் பாட வேண்டும். குழலின் மறுமுனையில் உள்ள மெல்லிய தகடு அதிரும். தகட்டோடு இணைந்த ஊசி, சுழலும் மெழுகுத் தட்டில் கோடு கிழிக்கும். மின்சாரத்தின் உதவி சிறிதும் இல்லை. பாடகரின் மூச்சுக்காற்றின் ஆற்றலே ஊசியை அசைத்தது. ஆகவே சுமார் 250 முதல் 2,500 ஹெர்ட்ஸ் வரையிலான அதிர்வெண்களே பதிந்தன. மெல்லிய குரலும், தாழ்ந்த தாளமும், சலங்கையின் கூர்மையும் தட்டில் ஏறவே இல்லை.

1925 அளவில் ஒலிவாங்கியும் மின்பெருக்கியும் ஒலிப்பதிவுக்கு வந்தன. பாடகர் குழலை விட்டு விலகி நின்று இயல்பாகப் பாட முடிந்தது. ஆனால் அதுவரை இல்லாத ஒரு சிக்கலும் அதனோடு வந்தது. ஊதுகுழலுக்கு அருகில் இருந்த குரல் மட்டுமே கேட்கும். ஒலிவாங்கிக்கோ அறை முழுவதும் கேட்கும். பாடகரின் குரலோடு, அக்குரல் சுவரிலும் கூரையிலும் மோதித் திரும்பும் ஒலியும் பதிவாயிற்று. அன்றுமுதல் அறையும் ஓர் இசைக்கருவி ஆகிவிட்டது எனலாம்.

பேசும் படமும் பெரிய கூடமும்

தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931-இல் வெளிவந்தது. அக்காலத்தில் நடிப்பவரே பாடவும் வேண்டும். படம் பிடிக்கும்போதே பாட்டும் பதிவாகும். ஏ. வி. மெய்யப்பன் தயாரித்து 1938-இல் வந்த 'நந்தகுமார்' படத்தின் மூலம் பின்னணிப் பாடல் முறை தமிழுக்கு வந்தது. நடிப்பவர் ஒருவர், பாடுபவர் வேறொருவர் என்று ஆனவுடன், பாட்டுக்கென்று தனி இடம் தேவைப்பட்டது. காரைக்குடியில் ஓலைக் கொட்டகைகளில் இயங்கிய ஏவிஎம் நிறுவனம் 1948-இல் சென்னைக்கு இடம்பெயர்ந்தது. கோடம்பாக்கமும் வடபழனியும் படத்தொழிலின் இருப்பிடங்களாயின. அங்கெல்லாம் ஒலிப்பதிவுக்கெனப் பெரிய கூடங்கள் எழுந்தன.

அந்தக் கூடங்களில் ஒரு பாட்டு உருவான முறையை இன்றைய இளைஞர்கள் நம்புவது கடினம். வயலின் வரிசை, தபேலா, புல்லாங்குழல், வீணை, பாடகர்கள் என எல்லோரும் ஒரே நேரத்தில் ஒரே கூடத்தில் இருப்பார்கள். பாட்டு முதலிலிருந்து முடிவுவரை ஒரே மூச்சில் பதிவாக வேண்டும். கடைசிச் சரணத்தில் ஒரே ஒரு வயலின்காரர் பிசகினாலும், அத்தனை பேரும் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். கூடத்துக்கு வாடகை, கலைஞர்களுக்குக் கால்ஷீட் கணக்கில் ஊதியம். கடிகாரம் நகர நகரப் பணம் கரையும். அந்த நெருக்கடியில்தான் நாம் இன்றும் கேட்டு மகிழும் பாடல்கள் பிறந்தன என்பது அக்கலைஞர்களின் பெருமைக்குச் சான்று.

மெத்தையை வைத்து அளந்த ஆசிரியர்

கூடம் எப்படி இருந்தால் ஒலி தெளிவாக இருக்கும்? இதற்கு முதன்முதலில் கணக்குச் சொன்னவர் ஒரு கல்லூரி இயற்பியல் ஆசிரியர் என்பதை இங்கே சற்றுப் பெருமையோடு குறிப்பிடுகிறேன். அமெரிக்காவில் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் புதிதாகக் கட்டிய ஒரு விரிவுரைக் கூடத்தில், பேராசிரியர்கள் பேசுவது மாணவர்களுக்கு விளங்கவில்லை. 1895-இல் அதைச் சரிசெய்யும் வேலை வாலஸ் சபைன் என்ற இளம் ஆசிரியரிடம் வந்தது. அப்போது அவருக்கு வயது 27.

சபைனிடம் இருந்த கருவிகள் ஓர் ஆர்கன் குழல், ஒரு நிறுத்துக் கடிகாரம், தம் இரு காதுகள். அருகே இருந்த நாடக அரங்கிலிருந்து இருக்கை மெத்தைகளை உதவியாளர்களோடு தூக்கி வந்து, கூடத்தில் ஒவ்வொன்றாக வைத்துக்கொண்டே போனார். குழலை ஊதி நிறுத்திய பின் ஒலி எத்தனை விநாடி காதில் நிற்கிறது என்று அளந்தார். தெருவில் சந்தடி அடங்கிய நள்ளிரவுக்குப் பின்னர்தான் இந்த வேலை நடக்கும். விடியுமுன் மெத்தைகளைத் திருப்பி வைத்துவிட வேண்டும்.

வெறும் கூடத்தில் ஒலி 5.5 விநாடி நின்றது. ஒருவர் பேசிய சொல் மறையுமுன் அடுத்த பதினைந்து சொற்கள் வந்து அதன்மேல் விழும். இப்படி நிற்பதையே எதிர்முழக்கம் என்கிறோம். ஒலியின் ஆற்றல் பத்து இலட்சத்தில் ஒரு பங்காகக் குறைய ஆகும் நேரம் எதிர்முழக்க நேரம் ஆகும். சபைன் கண்ட விதி மிக எளியது:

எதிர்முழக்க நேரம் = 0.161 × அறையின் கன அளவு ÷ மொத்த உட்கவர் பரப்பு

கன அளவைக் கன மீட்டரிலும், பரப்பைச் சதுர மீட்டரிலும் எடுத்துக்கொண்டால் நேரம் விநாடியில் வரும். உட்கவர் பரப்பு என்றால் என்ன? திறந்த சன்னல் வழியே போன ஒலி திரும்பி வராது. ஆகவே ஒரு சதுர மீட்டர் திறந்த சன்னலை ஓர் அலகு என்று வைத்தார்கள். பூசிய சுவர் ஒரு சதுர மீட்டர் இருந்தால், அது ஏறத்தாழ 0.03 சதுர மீட்டர் சன்னலுக்குச் சமம். அதாவது தன்மேல் விழும் ஒலியில் நூற்றுக்கு மூன்று பங்கைத்தான் சுவர் விழுங்கும். மீதி 97 பங்கும் திரும்பிவிடும். உட்கார்ந்திருக்கும் ஓர் ஆள் சுமார் 0.45 சதுர மீட்டர் சன்னலுக்குச் சமம்.

எங்கள் விரிவுரை அறையைக் கணக்கிடுவோம். நீளம் 10 மீட்டர், அகலம் 8 மீட்டர், உயரம் 4 மீட்டர். கன அளவு 320. சுவர், தரை, கூரை எல்லாம் சேர்ந்து 304 சதுர மீட்டர். இதை 0.03-ஆல் பெருக்கினால் உட்கவர் பரப்பு சுமார் 9. எதிர்முழக்க நேரம் 5.7 விநாடி! மேசை, பலகைகளால் இது சற்றுக் குறையுமேயன்றிப் பெரிதாக மாறாது. சபைனின் கூடத்துக்கு எங்கள் அறை கொஞ்சமும் இளைத்ததன்று. வகுப்பு நடக்கும்போது மட்டும் எப்படிப் பேச்சு விளங்குகிறது? அறுபது மாணவர்கள் வந்து அமர்ந்தவுடன் உட்கவர் பரப்பில் 27 கூடி, மொத்தம் 36 ஆகிறது. நேரம் 1.4 விநாடியாகக் குறைந்துவிடுகிறது. மாணவர்கள் வகுப்பில் அமைதியாக உட்கார்ந்திருப்பதே ஆசிரியருக்குச் செய்யும் பேருதவி என்பது இயற்பியல்படியும் உண்மை.

மாலையில் ஐந்து பேர் மட்டும் கதவைச் சாத்திக்கொண்டு பறையடித்தால் என்ன ஆகும் என்பதை இனி நான் சொல்ல வேண்டியதில்லை. கைபேசியின்மேல் குற்றமில்லை. அது கேட்டதைக் கேட்டபடியே பதிந்தது.

நாடாவும் தடங்களும்

அடுத்த பெரிய மாற்றம் காந்தத்தால் வந்தது. டென்மார்க்கைச் சேர்ந்த வால்டமர் பவுல்சன் 1898-இலேயே எஃகுக் கம்பியில் ஒலியைக் காந்தப் பதிவாக்கிக் காட்டினார். காந்தத் துகள் பூசிய நாடாவில் பதியும் கருவி 1935-இல் ஜெர்மனியில் வெளிவந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் அது உலகெங்கும் பரவியது.

மெழுகுத் தட்டில் கிழித்த கோட்டை அழிக்க முடியாது. நாடாவையோ அழித்து எழுதலாம், வெட்டி ஒட்டலாம். அதைவிட முக்கியமாக, ஒரே நாடாவின் அகலத்தைப் பல கீற்றுகளாகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் ஒவ்வோர் ஒலியைப் பதியலாம். இவற்றை ஒலித்தடங்கள் என்பர். இன்று ஒரு தடத்தில் தாளத்தைப் பதிந்துவிட்டு, நாளை அதைக் காதில் கேட்டுக்கொண்டே அடுத்த தடத்தில் பாடலாம். அமெரிக்கக் கிடார் கலைஞர் லெஸ் பால் 1957-இல் எட்டுத் தடக் கருவி ஒன்றை வாங்கித் தம் வீட்டிலேயே வைத்துக்கொண்டார். 1967-இல் வெளிவந்து உலகையே வியக்கவைத்த பீட்டில்ஸ் குழுவின் 'சார்ஜண்ட் பெப்பர்' இசைத்தட்டு, நான்கு தடக் கருவிகளைக்கொண்டே உருவானது.

பலரும் ஒரே நேரத்தில் ஒரே இடத்தில் கூடியிருக்க வேண்டும் என்ற கட்டாயம் இதனால் அகன்றது. இருபது பேருக்கான கூடத்துக்குப் பதில், ஒருவர் நிற்கும் அறையில் இருபது முறை பதிந்தால் போதும். அறை சுருங்கியது. ஆனால் பதிவுக்கு ஆகும் நேரம் நீண்டது. மணிக்கணக்கில் வாடகை கொடுத்து மாதக்கணக்கில் பதிவது யாருக்குக் கட்டும்?

இந்தக் கணக்குத்தான் மேலைநாட்டு ராக் இசைக்குழுக்களைச் சொந்தக் கூடம் கட்டும்படி தூண்டியது. கிடார் மேதை ஜிமி ஹென்ட்ரிக்ஸ் நியூயார்க் நகரில் கட்டிய 'எலெக்ட்ரிக் லேடி' கூடம் 1970 ஆகஸ்டில் திறக்கப்பட்டது. நிலத்தடி ஓடை ஒன்றின் நீர் புகுந்ததால் கட்டுமானச் செலவு ஏறியது. திறந்த சில வாரங்களிலேயே, செப்டம்பரில், ஹென்ட்ரிக்ஸ் காலமானார். கூடம் மட்டும் நிலைத்துவிட்டது. லண்டனில் பிங்க் பிளாய்டு குழுவினர் 1975-இல் ஒரு பழைய தேவாலயக் கட்டடத்தை வாங்கி 'பிரிட்டானியா ரோ' என்ற கூடமாக்கினர். உட்சுவர்களை மரத்தூளும் மணலும் சிமெண்டும் கலந்த கட்டிகளால் எழுப்பினர். கனமும் உண்டு, ஒலியைக் கடுமையாகத் திருப்பாத தன்மையும் உண்டு என்பதே அதற்குக் காரணம். 1977-இல் வந்த அவர்களின் 'அனிமல்ஸ்' இசைத்தட்டு அங்கே பதிவானது.

கோடம்பாக்கத்து அறை

இனி நம் ஊருக்கு வருவோம். 1967 ஜனவரி 6-இல் சென்னையில் பிறந்த திலீப்குமார்தான் பின்னாளில் ஏ. ஆர். ரகுமான் என அறியப்பட்டவர். தந்தை ஆர். கே. சேகர் மலையாளப் படவுலகில் இசையமைப்பாளராகவும், பிறரது பாடல்களுக்கு வாத்திய இசையைக் கோத்துத் தருபவராகவும் இருந்தவர். அவர் 1976-இல் இறந்தபோது மகனுக்கு ஒன்பது வயது. வீட்டில் இருந்த இசைக்கருவிகளை வாடகைக்கு விட்டே குடும்பம் நடந்தது. சிறுவன் பள்ளி வயதிலேயே கீபோர்டு வாசிக்கப் படத்துறைக் கூடங்களுக்குப் போகத் தொடங்கினார்.

மேலே சொன்ன பெரிய கூடங்களின் முறையை அவர் இவ்வாறு உள்ளிருந்தே கற்றார். அதே காலத்தில் டிரம்ஸ் கலைஞர் சிவமணி முதலிய நண்பர்களோடு 'ரூட்ஸ்' என்ற குழுவில் வாசித்தார். 'நெமிசிஸ் அவென்யூ' என்ற ராக் குழுவையும் சென்னையில் தொடங்கினார். விளம்பரங்களுக்கான குறும்பாட்டுகளை ஏராளமாக அமைத்தார். சில விநாடிகளே ஓடும் விளம்பரப் பாட்டுக்குப் பெரிய கூடமும் வேண்டாம், வாத்தியக் குழுவும் வேண்டாம். ஆனால் பிடிக்கும் வரை மாற்றி மாற்றிப் பதிந்து பார்க்க நேரம் வேண்டும்.

1989-இல் வீட்டின் பின்புறம் ஓர் ஒலிப்பதிவு அறையைக் கட்டினார். 'பஞ்சதன் ரெக்கார்டு இன்' என்பது அதன் பெயர். அறையைக் கட்டி முடித்தபோது அதனுள் கருவிகள் வாங்கப் பணமில்லை. குளிர்சாதனம், ஓர் அலமாரி, ஒரு தரைவிரிப்பு, இவ்வளவுதான் இருந்தன என்று அவரே பின்னாளில் கூறியிருக்கிறார். தாயார் தம் நகைகளை அடகுவைக்கக் கொடுக்க, அந்தப் பணத்தில்தான் முதல் பதிவுக் கருவி வந்தது.

இதைக் கேட்கும்போது ஓர் இயற்பியல்காரன் கவனிப்பது வேறொன்று. கருவி வருமுன்பே அறை வந்துவிட்டது. குளிர்சாதனமும் தரைவிரிப்பும் ஆடம்பரப் பொருள்களா? சன்னல் இல்லாமல், காற்றுப் புகாமல் அடைத்த அறையில் சென்னைக் கோடையில் ஒருவர் பாட வேண்டுமானால் குளிர்சாதனம் இன்றியமையாதது. தரைவிரிப்பு சபைனின் மெத்தைக்கு உறவு.

ஏன் அப்படி அடைக்க வேண்டும்? பத்துச் சதுர மீட்டர் சுவர் ஒன்று இருக்கிறது. ஒன்பது அங்குலச் செங்கல் சுவர் வெளி ஒலியைச் சுமார் 50 டெசிபல் குறைக்கும். அதாவது இலட்சத்தில் ஒரு பங்கே உள்ளே வரும். அந்தச் சுவரில் ஒரு கதவு. கதவின் அடியில் ஒரு மீட்டர் நீளத்துக்கு ஒரு சென்டிமீட்டர் இடைவெளி. பரப்பில் அது சுவரில் ஆயிரத்தில் ஒரு பங்குதான். ஆனால் அதன் வழியே ஆயிரத்தில் ஒரு பங்கு ஒலி தடையின்றி நுழையும். அப்படியானால் தடுப்பு 30 டெசிபல்தான்! செங்கல்லுக்குச் செலவிட்டது முழுவதும் கதவிடுக்கில் போயிற்று.

சுவரில் தடுப்பதும் மெத்தையில் விழுங்குவதும் வெவ்வேறு வேலைகள் என்பதை வாசகர்கள் மனத்தில் கொள்ள வேண்டும். வெளி ஒலியைத் தடுக்கக் கனம் வேண்டும். சுவரின் கனத்தை இரட்டித்தால் தடுப்பு சுமார் 6 டெசிபல் கூடும். உள் ஒலியை விழுங்க நுண்துளைகள் உள்ள மென்பொருள் வேண்டும். சுவரில் முட்டைத் தட்டுகளை ஒட்டினால் வெளிச்சத்தம் வராது என்று பலர் நம்புகிறார்கள். கனமற்ற காகித அட்டை எதைத் தடுக்கும்?

சிறிய அறைக்கு வேறொரு நோயும் உண்டு. எதிரெதிர்ச் சுவர்களுக்கு இடையே நிலை அலைகள் தோன்றும். மூன்றரை மீட்டர் அகல அறையில் இது சுமார் 50 ஹெர்ட்ஸில் நிகழும். பேஸ் கிடாரின் தாழ்ந்த சுரங்கள் இந்த எல்லையில்தான் உள்ளன. சில சுரங்கள் பூதாகரமாகவும் சில காணாமலும் போகும். பெரிய கூடத்தில் இந்தத் தொல்லை குறைவு. அங்கே இவ்வதிர்வுகள் காதுக்கு எட்டாத ஆழத்துக்குப் போய்விடும்.

எண்களாக மாறிய இசை

சிறிய அறை பெரிய கூடத்தோடு போட்டியிட முடிந்ததற்கு மின்னணுவியலும் காரணம். 1983-இல் 'மிடி' என்ற பொது ஒழுங்குமுறை வந்தது. எந்த நிறுவனத்தின் கீபோர்டும் எந்தக் கணிப்பொறியோடும் பேசலாம் என்பதே இதன் பயன். இது ஒலியை அனுப்புவதில்லை. 'இந்தச் சுரத்தை, இவ்வளவு அழுத்தத்தில், இப்போது தொடங்கு' என்ற கட்டளையை மட்டும் எண்களாக அனுப்புகிறது. ஒரு கட்டளை மூன்று பைட்டுகள். விநாடிக்கு 31,250 துணுக்குகள் செல்லும் கம்பியில் ஒரு கட்டளை போக ஆயிரத்தில் ஒரு விநாடி போதும்.

ஒரு பாட்டில் 3,000 சுரங்கள் என்று கொள்வோம். தொடங்கவும் நிறுத்தவும் 6,000 கட்டளைகள். மொத்தம் 18,000 பைட்டுகள். ஆனால் 1982-இல் வந்த குறுந்தகட்டில் ஒலியையே எண்ணாக்கிப் பதிய, விநாடிக்கு 1,76,400 பைட்டுகள் தேவை. பாட்டு முழுவதற்குமான சுரக் கட்டளைகள், ஒலிப்பதிவில் பத்தில் ஒரு விநாடிக்கு ஆகும் இடத்தில் அடங்கிவிடுகின்றன! அக்காலத்துச் சிறிய கணிப்பொறிகளால் ஒரு பாட்டின் ஒலியைத் தாங்க முடியாது. ஆனால் அதன் சுரக்குறிப்பை எளிதாகத் தாங்கின. தமிழ்ப் படவுலகில் 1986-இல் 'புன்னகை மன்னன்' படத்திலேயே இளையராஜா கணிப்பொறி வழி இசையைப் பயன்படுத்தினார். இதே காலத்தில், முன்பு இரண்டு அங்குல நாடா கேட்ட 16 தடங்களை அரை அங்குல நாடாவிலேயே பதியும் கருவிகள் ஜப்பானிலிருந்து வந்தன. விலையும் அளவும் குறைந்து, ஒலிப்பதிவு வீட்டு வாசலுக்குள் நுழையும் நிலை உருவாயிற்று.

இயக்குநர் மணிரத்னம் கோடம்பாக்கத்து அறைக்கு வந்து அந்த இளைஞரின் இசையைக் கேட்டார். 1992 ஆகஸ்டு 15-இல் 'ரோஜா' வெளிவந்தது. முதல் படத்துக்கே சிறந்த இசையமைப்பாளருக்கான தேசிய விருது கிடைத்தது. கேட்டவர்கள் 'ஒலி புதிதாக இருக்கிறது' என்றார்கள். மெட்டு ஒருபுறமிருக்க, அந்தப் புதுமையில் அறைக்கும் பங்குண்டு. ஒவ்வொரு கருவியும் தனித்தனித் தடத்தில், அயல் ஒலி கலவாமல் பதிந்திருந்தது. எதிர்முழக்கத்தை வேண்டிய அளவு பின்னால் மின்னணுக் கருவியால் சேர்த்துக்கொள்ளலாம். ஆனால் பதிவோடு கலந்துவிட்ட எதிர்முழக்கத்தைப் பிரித்தெடுப்பது அன்று இயலாத காரியம். உப்பைப் போடலாம், எடுக்க முடியுமா?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ரகுமான் இரவில் பணிபுரிபவர் என்பது பலரும் அறிந்தது. சபைனும் நள்ளிரவில்தான் அளந்தார். ஊர் அடங்கிய நேரத்தில் சுவர் செய்ய வேண்டிய வேலையில் பாதியை இரவே செய்துவிடுகிறது, அதுவும் காசில்லாமல்.

கிடைத்ததும் போனதும்

சொந்த அறை வந்ததால் கிடைத்தது நேரம். பாடகரை எத்தனை முறையும் பாடவைக்கலாம், இன்று பதிந்ததை நாளை மாற்றலாம், பிடிக்காததைத் தூக்கி எறியலாம். ஆனால் போனதையும் மறைக்கக் கூடாது. ஒரே கூடத்தில் ஐம்பது பேர் கூடி ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்து வாசித்த பழக்கம் குறைந்தது. ஒரு கீபோர்டு பத்து வயலின்களின் இடத்தைப் பிடித்தபோது, கால்ஷீட்டை நம்பியிருந்த பல கலைஞர்களின் வேலை போயிற்று. அறிவியல் வளர்ச்சியின் கணக்கில் இந்தச் செலவையும் எழுத வேண்டும்.

வேடிக்கை என்னவெனில் கூடத்தின் தேவை அடியோடு மறையவுமில்லை. நாற்பது வயலின்கள் சேர்ந்து எழுப்பும் ஒலிக்குக் காற்று நிறைந்த பெரிய இடமே பொருந்தும். கொல்லைப்புற அறையில் தொடங்கிய ரகுமானே 2005-இல் கோடம்பாக்கத்தில் ஏ.எம். ஸ்டுடியோஸ் என்ற விரிந்த கூடத்தை அமைத்தார். 2008-இல் இளைஞர்களுக்காக ஓர் இசைக் கல்லூரியையும் தொடங்கினார். 2009-இல் அவர் இரண்டு ஆஸ்கார் விருதுகள் பெற்றதை நாடே அறியும்.

மெத்தைக் கடையில் ஒரு பாட்டு

எங்கள் மாணவர்களிடம் இவ்வளவையும் ஒரு மாலையில் கரும்பலகையில் கணக்கிட்டுக் காட்டினேன். முடித்தபோது புல்லாங்குழல் வாசிப்பவர் எழுந்து, "சார், மெத்தைதானே வேண்டும்? எங்கள் அப்பா இலவம் பஞ்சு மெத்தை தைப்பவர்" என்றார்.

விழுப்புரத்தில் அவர்கள் கடையின் பின்புற அறை 5 மீட்டர் நீளம், 4 மீட்டர் அகலம், 3 மீட்டர் உயரம். வெறும் அறையாக இருந்தால் எதிர்முழக்கம் 3.4 விநாடி. விற்பனைக்கு வைத்திருந்த பன்னிரண்டு மெத்தைகளைச் சுவரிலிருந்து ஒரு முழம் தள்ளிச் சுற்றிலும் நிறுத்தினோம். ஐந்து பேரையும் சேர்த்துக் கணக்கிட்டால் அரை விநாடிக்கு வந்துவிட்டது. கதவிடுக்கில் பழைய போர்வையைத் திணித்தோம். இரவு பதினொரு மணிக்குத் தொடங்கினோம். ஒருவருக்குப்பின் ஒருவராக, முன்னவர் பதிந்ததைக் காதில் கேட்டுக்கொண்டு, அதே கைபேசியில் தனித்தனித் தடங்களாகப் பதிந்தார்கள். பறை கடைசியில் வாசிக்கப்பட்டது. நடுவில் சரக்கு ரயில் போகும்போதெல்லாம் நிறுத்த வேண்டியிருந்தது. ரயிலின் தாழ்ந்த உறுமலை மெத்தையா தடுக்கும்? அதற்குக் கனமான சுவர் வேண்டும். அது எங்களிடம் இல்லை, எனவே காத்திருந்தோம்.

விடியற்காலை நான்கு மணிக்குப் போட்டுக் கேட்டோம். ஒவ்வொரு சொல்லும் விளங்கியது. மெத்தைக்காரர் எங்களுக்குத் தேநீர் கொடுத்துவிட்டு, "விடிந்தால் கடை திறக்க வேண்டும். மெத்தையை எல்லாம் இருந்த இடத்தில் வைத்துவிடுங்கள் தம்பி" என்றார். சபைனின் உதவியாளர்களுக்கும் இதே வேலைதான் இருந்தது.

கைபேசி எல்லோரிடமும் இருக்கிறது. 1989-இல் நகையை அடகுவைத்து வாங்க வேண்டியிருந்த பதிவுக் கருவியைவிடத் தடங்கள் மிகுதியாக இன்று சட்டைப்பையில் கிடக்கின்றன. இன்னும் விலை குறையாதது அமைதியான அறை ஒன்றுதான். அதையும் அறிவால் ஓரளவு ஈடுகட்டலாம்.

வாசகர்கள் ஒரு சோதனை செய்து பாருங்கள். உங்கள் வீட்டில் சாமான்கள் இல்லாத அறையில் நின்று ஒருமுறை கைதட்டுங்கள். ஒலி மறையும் வரை கவனியுங்கள். பிறகு பாய், போர்வை, துணி மூட்டை என்று ஒவ்வொன்றாகக் கொண்டுவந்து வைத்து மீண்டும் தட்டுங்கள். வேறுபாட்டைக் காதே சொல்லும். அறையின் நீள அகல உயரங்களை அளந்து, மேலே தந்த விதிப்படி கணக்கிட்டும் பாருங்கள். பாட்டு நன்றாக அமைவது உங்கள் குரலையும் உழைப்பையும் பொறுத்தது. அதற்கு அறை குறுக்கே நிற்காமல் இருக்க, இந்தக் கணக்குப் போதும்.